லயத்துக்கு வரும் "கேஸ்டிக் பவுடர்" – தயவுசெய்து வாங்காதீர்கள்

2025 ஆகஸ்ட், சம்பளம் போட்ட மறுநாள் பின்னேரம். இலங்கையில் தேயிலைத் தோட்டத்து வரிசை வீடுகளான எங்கள் லயத்துக்கு தோள் பையோடு ஒருவர் வந்தார். "கேஸ்டிக்குக்கு மூலிகை மருந்து, ஒரு மண்டலம் சாப்பிட்டால் போதும்" என்று வாசல் வாசலாகச் சொல்லிக்கொண்டு போனார். அம்மாவுக்கு ஏழெட்டு வருஷமாக நெஞ்செரிச்சல். ராத்திரி படுத்தால் புளித்த தண்ணீர் தொண்டை வரை வரும், எழுந்து உட்கார்ந்து இருமுவார். கூப்பிட்டு உட்கார வைத்துவிட்டார். நான் கொழும்பில் வேலையில் இருந்தேன்.

அந்த ஆள் ஒரு கரண்டி பவுடரை வெந்நீரில் கலக்கி அங்கேயே குடிக்கக் கொடுத்தாராம். பத்து நிமிஷத்தில் பெரிய ஏப்பம், எரிச்சல் போய்விட்டது. லயமே நின்று பார்த்தது. "அம்மா, ஆஸ்பத்திரி மாத்திரை அமுக்கித்தான் வைக்கும். இது வேரோட புடுங்கிரும். ரெண்டையும் ஒன்னா போடாதீங்க" என்று சொல்லியிருக்கிறார். கிளினிக்கில் கொடுத்த ஒமெப்ரசோலை, அதாவது அமிலத்தைக் குறைக்கும் மாத்திரையை, அம்மா அன்றைக்கே நிறுத்திவிட்டார். என் கோபமெல்லாம் இந்த ஒரு வார்த்தை மேல்தான். காசு போனால் போகட்டும், மாத்திரையை நிறுத்தச் சொல்ல அந்த ஆள் யார்?

இரண்டு வாரத்தில் எரிச்சல் முன்னைவிட மோசம். நீண்ட நாள் போட்ட ஒமெப்ரசோலைத் திடீரென்று நிறுத்தினால் சில வாரங்களுக்கு அமிலம் வழக்கத்தைவிடக் கூடுதலாகச் சுரக்கலாம் என்று டொக்டர் பிறகுதான் எங்களுக்கு விளக்கினார். அம்மா போன் எடுத்துக் கேட்டதற்கு அந்த ஆள் சொன்ன பதில்: "நோய் வெளியேறுதும்மா, விட்றாதீங்க. இன்னும் ரெண்டு போத்தல் தாரேன்." போத்தல் 4,500 ரூபா, மூன்றுக்கும் சேர்த்து 13,500. அப்போது நாள் சம்பளம் 1,350. பத்து நாள் மலையேறிக் கொழுந்து பறித்த காசு.

தீபாவளிக்கு வீட்டுக்குப் போனேன். காலையில் அம்மா ரொட்டியைச் சின்னச் சின்னதாகப் பிய்த்துத் தேத்தண்ணியில் ஊறவைத்து, ஊறவைத்து விழுங்கிக்கொண்டிருந்தார். "ஏம்மா இப்படி?" என்றால், "காஞ்ச ரொட்டி நெஞ்சுலயே நிக்குது, இப்படின்னா எறங்கிரும்" என்கிறார், சாதாரணமாக. கணுக்கால் வேறு வீங்கியிருந்தது.

போத்தலை எடுத்துப் பார்த்தேன். இலைப் படம் போட்ட லேபல். தயாரித்தவர் பெயர் இல்லை, முகவரி இல்லை, முடிவுத் திகதி இல்லை, என்ன சேர்த்தது என்று ஒரு வரி இல்லை. ஒரு சாசரில் கொஞ்சம் கொட்டி தேசிக்காய் பிழிந்தேன். புஸ்ஸென்று நுரைத்துப் பொங்கியது. பக்கத்தில் வீட்டு அப்பச்சோடாவைக் கொட்டிப் பிழிந்தேன், அதே பொங்கல். ஆய்வுகூடத்தில் கொடுத்துப் பார்க்கவில்லை, அதனால் உள்ளே வேறு என்ன இருந்தது என்று சொல்ல மாட்டேன். ஆனால் அந்தப் பத்து நிமிஷ அதிசயம் எதுவென்று எனக்கு விளங்கிவிட்டது. சோடா அமிலத்தை அந்த நேரத்துக்கு முறிக்கும், காற்றைக் கிளப்பி ஏப்பம் வரவைக்கும். கொஞ்ச நேரத்தில் வயிறு திரும்பவும் அமிலத்தைச் சுரக்கும். ஒரு தேக்கரண்டி அப்பச்சோடாவில் 1,200 மில்லிகிராமுக்கு மேல் சோடியம் இருக்கிறது. உப்பில் இருப்பதும் இதுதான், கூடினால் பிரஷரை ஏற்றும். நாள் முழுக்க 2,000க்குள் இருக்க வேண்டும் என்கிறது உலக சுகாதார நிறுவனம். பிரஷர் இருக்கும் அம்மா இந்தப் பவுடரை நாளுக்கு மூன்று கரண்டி குடித்திருக்கிறார். ஆஸ்பத்திரியில் பார்த்தபோது பிரஷர் 170/100.

கெமரா விட்டுப் பார்த்ததில் உணவுக்குழாயின் அடிப்பகுதியில் புண். இப்படியே விட்டால் புண் ஆறும் இடம் தழும்பாகிக் குழாய் சுருங்கிவிடலாம் என்றார் டொக்டர். மாத்திரையைத் திரும்பத் தொடங்கி, சாப்பாட்டுக்கு அரை மணித்தியாலம் முன்னால் போடச் சொன்னார். அம்மா இத்தனை வருஷமும் சாப்பிட்ட பிறகு, அதுவும் எரியும்போது மட்டும் போட்டு வந்திருக்கிறார். யாரும் விளக்கிச் சொல்லவில்லை.

வயிற்றுக்கும் உணவுக்குழாய்க்கும் நடுவில் இறுக்கி மூடும் தசை வளையம் ஒன்று இருக்கிறதாம். அது தளர்ந்தால் அமிலம் மேலே ஏறும். இதைக் கேட்டதும் எனக்கு அம்மாவின் படங்குதான் ஞாபகம் வந்தது. கொழுந்து பறிக்கப் போகும்போது அந்தத் தடித்த விரிப்பை இடுப்பில் சுற்றி இறுக்கிக் கட்டி, அதோடு நாள் முழுக்க குனிந்து நிமிர்வார். வயிற்றை இறுக்கினால் உள்ளே இருப்பது மேலேதானே வரும்? டொக்டரிடம் கேட்டேன், தளர்த்திக் கட்டச் சொன்னார். வெற்றிலையோடு போயிலையையும் விடச் சொன்னார், அது அந்தத் தசையைத் தளர்த்துமாம். ராத்திரி ஒன்பது மணிக்கு வயிறு நிறையச் சாப்பிட்டு உடனே படுக்கிற வழக்கத்தை மாற்றி இப்போது ஆறரைக்கே சாப்பிடுகிறார். கட்டிலின் தலைமாட்டுக் கால்களுக்கு அடியில் கல் வைத்து அரை அடி உயர்த்தினேன். போயிலைதான் இன்னும் முழுசாக விடவில்லை.

அப்புறம், எதையும் "கேஸ்டிக்தான்" என்று விட்டுவிடாதீர்கள். விழுங்க முடியாமல் போவது, இரத்த வாந்தி, தார் மாதிரி கறுத்த மலம், காரணமில்லாமல் மெலிவது, இதில் ஒன்று இருந்தாலும் ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். நெஞ்சை அழுத்தி, கை தாடை வரை வலி பரவி வியர்த்துக் கொட்டினால் எந்தப் பவுடரையும் தேடாமல் 1990க்கு அடியுங்கள், சுவசெரிய அம்பியுலன்ஸ் இலவசம்.

நாட்டு மருந்தே கூடாது என்று நான் சொல்லவில்லை. பதிவு பெற்ற ஆயுர்வேத வைத்தியர்கள் இருக்கிறார்கள், அரசாங்க ஆயுர்வேத ஆஸ்பத்திரிகளும் இருக்கின்றன. அங்கே போங்கள்.

அந்த ஆளின் போன் இப்போது வேலை செய்யவில்லை. போத்தலைப் பத்திரமாக வைத்திருக்கிறேன். நுகர்வோர் விவகார அதிகார சபையின் 1977 இலக்கத்துக்கு முறைப்பாடு சொல்லப்போகிறேன். உங்கள் தோட்டத்துக்கும் இலைப் படம் போட்ட, பெயரில்லாத போத்தலோடு யாராவது வந்தால் லேபலைப் படம் எடுத்து வையுங்கள். அநேகமாகச் சம்பள நாளை ஒட்டித்தான் வருவார்கள்.