வீட்டாவுக்குள் குடியிருக்கும் பிஎஸ்பி: ஆறு வருட அனுபவம்

என் பழைய பிஎஸ்பியில் (கட்சி இல்லை, சோனியின் கையடக்க கேம் கருவி) முதலில் மண்டையைப் போட்டது யூஎம்டி டிரைவ் (யூஎம்டி என்பது பிஎஸ்பி கேம்கள் வந்த குட்டி டிஸ்க்). டிஸ்க்கைப் போட்டால் கரகரவென்று சத்தம் வரும். பத்துத் தடவை முயன்றால் இரண்டு தடவை கேம் எழும். 2008-இல் சித்தப்பா சிங்கப்பூரிலிருந்து வாங்கி வந்த பிஎஸ்பி 2000 என்ற மாடல் அது. அப்புறம் பேட்டரி உப்பிக்கொண்டு, பின்மூடி மூடவே மறுத்துவிட்டது. அலமாரியிலோ பதினொரு யூஎம்டி டிஸ்க்குகள் இருந்தன. அவற்றில் பாதியைக்கூட நான் முடித்திருக்கவில்லை.

2019-இல், பிஎஸ்பிக்கு அடுத்து சோனி கொண்டுவந்த கையடக்கக் கருவியான பிஎஸ் வீட்டா ஒன்றைப் பழையதாக வாங்கினேன். அந்த மார்ச்சோடு சோனி வீட்டா தயாரிப்பையே நிறுத்திவிட்டிருந்தது. நான் வாங்கியது ஓஎல்இடி திரை உள்ள முதல் மாடல், 1000. வீட்டாவுக்கென்று வந்த கேம்களை நான் அதில் ஆடியது குறைவுதான். ஆறு வருடமாக அது என் பிஎஸ்பியாகத்தான் வேலை பார்த்துக்கொண்டிருக்கிறது. அதனால் இது வீட்டாவைப் பற்றிய விமர்சனம் இல்லை. வீட்டாவில் பிஎஸ்பி கேம் ஆடுவது எப்படி இருக்கிறது என்பது மட்டும்தான்.

இதற்காக வீட்டாவை மோட் செய்தேன், அதாவது சோனி போட்ட பூட்டைத் திறந்து வெளி மென்பொருளையும் ஓட்ட வைத்தேன். எதற்கு மோட் செய்ய வேண்டும், கடையில் டிஜிட்டலாக வாங்கிக்கொள்ளலாமே என்று கேட்கலாம். வீட்டாவில் யூஎம்டி போட இடமே கிடையாது. வைத்திருக்கும் டிஸ்க்கைப் பதிவு செய்து, குறைந்த விலைக்கு டிஜிட்டல் பிரதி வாங்கும் திட்டத்தை ஜப்பானில் மட்டும் கொண்டுவந்தார்கள். நமக்கெல்லாம் அது இல்லை. தவிர, நான் ரொம்ப ஆசைப்பட்ட கிரைசிஸ் கோர் (2007) என்ற கேம் பிஎஸ்பி காலத்தில் டிஜிட்டலாக வெளிவரவே இல்லை. டிஸ்க் கையில் இருக்கிறது, போட வழியில்லை. என்ன செய்வது?

மோட் செய்யும் வேலையை விளக்கப்போவதில்லை, அதற்கு நல்ல வழிகாட்டிகள் நிறைய இருக்கின்றன. சுருக்கமாக: ஃபர்ம்வேரை (கருவியின் உள் மென்பொருள்) 3.65 என்ற பழைய பதிப்புக்கு இறக்கி, ஒவ்வொரு முறை ஆன் செய்யும்போதும் மோட் தானாகவே எழும்படி என்ஸோ என்ற மென்பொருளை நிறுவினேன். அதன் மேல், பிஎஸ்பி கேம்களை ஓட்ட அட்ரினலின் என்ற மென்பொருள். ஒரு சாயங்காலம் ஆனது, பயந்ததில் பாதி நேரம் போனது. டிஸ்க்குகளை ஐஎஸ்ஓ (டிஸ்க்கின் முழு நகலான ஒரே ஃபைல்) ஆக்க, நண்பனின் பிஎஸ்பி 3000 மாடலை ஒரு வாரக் கடைசிக்கு இரவல் வாங்கினேன். மோட் செய்த பிஎஸ்பியை யூஎஸ்பி வழியாகக் கணினியில் செருகினால், உள்ளே இருக்கும் யூஎம்டி ஒரு ஐஎஸ்ஓ ஃபைலாகவே தெரியும். இழுத்துப் போட்டுக்கொள்ள வேண்டியதுதான். இரண்டு டிஸ்க்குகளின் பிளாஸ்டிக் கூடு பிளந்திருந்தது. செல்லோ டேப் ஒட்டித்தான் படிக்க வைத்தேன்.

முதலில் புரிந்துகொள்ள வேண்டியது, அட்ரினலின் வழக்கமான எமுலேட்டர் (ஒரு கருவியைப்போல மென்பொருளாலேயே நடிப்பது) இல்லை. பிஎஸ்பியின் மிப்ஸ் பிராசஸரை சோனியே வீட்டாவுக்குள் வைத்திருக்கிறது. கடையில் விற்ற பிஎஸ்பி கேம்களை ஓட்டத்தான் அது. அதைப் பூட்டிலிருந்து விடுவித்து, முழு பிஎஸ்பியாக நடக்க விடுவதுதான் அட்ரினலின் செய்யும் வேலை. முதல் தடவை திறக்கும்போது பிஎஸ்பியின் 6.61 ஃபர்ம்வேரை இறக்கிக்கொள்ளும். பிறகு பார்த்தால், பழைய அலை அலையான மெனு அப்படியே வந்து நிற்கும். பத்து வருடம் கழித்து அந்த மெனு நகரும் சத்தத்தைக் கேட்டபோது கொஞ்சம் தொண்டை அடைத்தது, ஒப்புக்கொள்கிறேன்.

உள்ளே இருப்பது நிஜ பிஎஸ்பி என்பதால் அதன் நல்லது கெட்டது இரண்டும் சேர்ந்தே வருகின்றன. ஃபைனல் ஃபேன்டஸி டாக்டிக்ஸின் பிஎஸ்பி பதிப்பில் மந்திரம் போட்டால் திரை சேற்றில் நடப்பதுபோல் மெதுவாகும். வீட்டாவிலும் அதே சேறுதான். பிராசஸர் வேகத்தை 333 மெகாஹெர்ட்ஸுக்கு ஏற்றிப் பார்த்தேன், ஒன்றும் ஆகவில்லை. ரசிகர்கள் எழுதிய பேட்ச் ஒன்றைப் போட்ட பிறகுதான் சரியானது.

திரையைப் பற்றி நிறையச் சொல்லலாம். பிஎஸ்பி திரை 480-க்கு 272 புள்ளிகள், வீட்டாவுடையது 960-க்கு 544. சரியாக இரண்டு மடங்கு. ஒரு புள்ளி நான்கு புள்ளியாகும், பின்னக் கணக்கே வராது. ஆனால் ஆரம்பத்தில் எல்லாவற்றையும் குழைத்துக் காட்டும் ஃபில்டரோடு பார்த்துவிட்டு, இவ்வளவுதானா என்று நினைத்தேன். பிஎஸ் பட்டனை இரண்டு முறை தட்டினால் அட்ரினலின் மெனு திறக்கும். அங்கே ஷார்ப் பைலீனியர் என்பதைத் தேர்ந்தெடுத்ததும் எழுத்தெல்லாம் கத்தியால் வெட்டியதுபோல் நின்றது. என் பழைய 2000 மாடலில் லூமினஸ் ஆடினால் விழும் கட்டைகளுக்குப் பின்னால் பேய் நிழல்போல் வால் ஓடும். ஓஎல்இடியில் அது அறவே இல்லை. கறுப்பு கறுப்பாகவே இருக்கிறது. குறை ஒன்று: இரவில் வெளிச்சத்தைக் குறைத்து ஆடினால், இருண்ட காட்சிகளில் திரையில் திட்டுத் திட்டாகக் கறை தெரியும். இந்த மாடலின் பிறவிக் குணம் அது, பழகிவிட்டது.

ஆனால் திரைக்காக மட்டும் இவ்வளவு தூரம் வந்திருக்க மாட்டேன். விஷயம் வீட்டாவின் வலது கை ஸ்டிக்கில் (கட்டைவிரலால் எந்தப் பக்கமும் தள்ளும் குமிழ்) இருக்கிறது.

பிஎஸ்பிக்கு இடப்பக்கம் ஒரே ஒரு ஸ்டிக்தான், நப் என்பார்கள். முப்பரிமாண கேம்களில் ஆளை ஒரு ஸ்டிக்கால் நகர்த்தி, கேமராவை இன்னொன்றால் திருப்ப வேண்டும் என்பது அப்போதே உலக வழக்கம். ஒரு ஸ்டிக்கை வைத்துக்கொண்டு ஒவ்வொரு கேமும் ஒவ்வொரு விதமாகச் சமாளித்தது. மான்ஸ்டர் ஹண்டர் ஃப்ரீடம் யுனைட்டில் கேமரா, இடப்பக்கத் திசைப் பட்டன்களில். கட்டைவிரல் நப்பில் இருக்கும்போது ஆள்காட்டி விரலை நண்டுக் கொடுக்குபோல் மடித்துத் திசைப் பட்டனைத் தட்டுவோம். அதற்கு 'க்ளா' பிடி என்றே பெயர் வந்துவிட்டது. இரண்டு மணி நேரம் அப்படி ஆடிவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தால் விரல் நிமிராது. மெட்டல் கியர் சாலிட் பீஸ் வாக்கரில் (2010) கேமராவை வலப்பக்க நான்கு பட்டன்களுக்குக் கொடுத்திருந்தார்கள்.

வீட்டாவில் வலது ஸ்டிக்கை எந்தப் பட்டனாக வேண்டுமானாலும் வேஷம் போட வைக்கலாம். ஃப்ரீடம் யுனைட்டுக்குத் திசைப் பட்டன், பீஸ் வாக்கருக்கு வலப்பக்கப் பட்டன். பீஸ் வாக்கர் இதற்காகவே செய்ததுபோல் ஆகிவிட்டது. அதை நான் முடித்ததே வீட்டாவில்தான். ஸ்டிக் போடுவது பட்டன் வேஷம் என்பதால் லேசாகத் தள்ளினாலும் முழுதாகத் தள்ளினாலும் கேமரா ஒரே வேகத்தில்தான் சுற்றும். முதல் நாள் எரிச்சல், மூன்றாம் நாள் மறந்துவிடும். ஒரு கேமிலிருந்து இன்னொன்றுக்குத் தாவும்போது இந்த அமைப்பை மாற்ற வேண்டியிருப்பதுதான் தொல்லை. ஜிடிஏ லிபர்ட்டி சிட்டி ஸ்டோரீஸில் இந்த வித்தை பலிக்காது. அதில் எல் பட்டனை அழுத்திக்கொண்டு அதே நப்பால் கேமராவைத் திருப்ப வேண்டும், தனிப் பட்டன் கிடையாது. பதினைந்து நிமிடம் ஆடிவிட்டு மூடி வைத்துவிட்டேன்.

பழைய சேமிப்புகளும் வந்து சேர்ந்தன. பிஎஸ்பியின் மெமரி ஸ்டிக்கில் இருந்த சேவ்டேட்டா ஃபோல்டரை அப்படியே காப்பி அடித்தால் போதும். ஒரே ஒரு கவனம்: அமெரிக்கப் பதிப்பின் சேமிப்பு யூஎல்யூஎஸ் என்றும் ஐரோப்பியப் பதிப்பினுடையது யூஎல்இஎஸ் என்றும் தொடங்கும், ஐஎஸ்ஓ வேறு பதிப்பாக இருந்தால் கேம் கண்டுகொள்ளாது. என்னுடையது பொருந்தியது. 2011-இல் 212 மணி நேரத்தில் விட்டுப்போன என் மான்ஸ்டர் ஹண்டர் வேட்டைக்காரர் முருகா, அதே கிராமத்தில், அதே ஓட்டைக் கவசத்தோடு நின்றுகொண்டிருந்தார்.

அவரை நான் ஒரு தடவை கொன்றும் இருக்கிறேன். வீட்டாவின் சொந்த மெமரி கார்டுகள் அநியாய விலை. வெளிவந்தபோது 32 ஜிபிக்கு நூறு டாலர். அதனால் எல்லோரும் செய்வதுபோல், கேம் கார்டு போடும் துளையில் எஸ்டி2வீட்டா என்ற அடாப்டரைச் செருகி, சாதாரண மைக்ரோ எஸ்டி போட்டேன். 128 ஜிபி என்று அச்சிட்டிருந்தது, விலை மலிவு. மலிவு என்றதுமே சந்தேகப்பட்டிருக்க வேண்டும். எட்டு மாதம் ஒழுங்காக ஓடியது. ஒரு நாள் காலையில் பார்த்தால் பாதி கேம்கள் சிதைந்திருந்தன, முருகாவின் சேமிப்பும் சேர்த்து. கணினியில் சோதித்தபோது, அது உள்ளே வெறும் 16 ஜிபி உள்ள போலிக் கார்டு என்று தெரிந்தது. கொள்ளளவைத் தாண்டியதும் புதியதைப் பழையதன் மேலேயே எழுதியிருக்கிறது. விற்றவரிடம் திரும்பப் போனேன், "யூஸ் பண்ணிட்டீங்களே சார்" என்றார்.

கடைசியாக எடுத்த பேக்கப்பில் இருந்து நாற்பது மணி நேர ஆட்டம் போனது. அன்றிலிருந்து இரண்டு பழக்கம். எந்தக் கார்டு வாங்கினாலும் முதலில் கணினியில் முழுக்க எழுதிப் படித்துச் சோதிப்பேன். மாதம் ஒரு முறை, வீட்டாஷெல் என்ற ஃபைல் மேலாளரில் செலக்ட் பட்டனை அழுத்தி எஃப்டிபி (வைஃபை வழியாக ஃபைல் அனுப்பும் வழி) திறந்து, சேமிப்பு ஃபோல்டரைக் கணினிக்கு எடுத்துவிடுவேன். ஐந்து நிமிட வேலை. யூஎம்டி ஒன்றின் அதிகபட்சக் கொள்ளளவே 1.8 ஜிபி, எனவே 64 ஜிபி கார்டு தாராளம். 128 வாங்கியதே பேராசை.

மற்ற தேய்மானங்களைச் சீக்கிரம் சொல்லிவிடுகிறேன். மூன்றாம் வருடம் இடது ஸ்டிக் தானாக மேல்பக்கம் இழுக்க ஆரம்பித்தது. பின்பக்கத்தைத் திறந்து நானே மாற்றினேன். மெல்லிய ரிப்பனைக் கழற்றி மாட்டும் இடத்தில் மட்டும் மூச்சைப் பிடித்துக்கொள்ள வேண்டும். 1000 மாடலின் சார்ஜிங் கேபிள் சோனியின் தனி ரகம், இப்போது நல்லது கிடைப்பது கஷ்டம். புதிதாக வாங்குபவர்கள் மைக்ரோ யூஎஸ்பி உள்ள வீட்டா 2000 மாடலை வாங்கலாம், அதில் ஓஎல்இடி இல்லாததைப் பொறுத்துக்கொள்ள முடிந்தால். என் பேட்டரி இப்போது மூன்று மணி நேரம் தாங்குகிறது.

இவ்வளவு பாடுபடுவதற்குப் பதில் போனில் பிபிஎஸ்எஸ்பிபி எமுலேட்டர் போட்டால் ஆகாதா? படத்தை மட்டும் பார்த்தால் போன்தான் ஜெயிக்கும். பிஎஸ்பி கேமைப் பல மடங்கு அதிகப் புள்ளிகளில் வரைந்து காட்டும். வீட்டாவால் அது முடியாது, 272 வரிகளைப் பெரிதாக்கத்தான் தெரியும். நானும் கொஞ்ச நாள் ஆடினேன். கண்ணாடியைத் தடவி மான்ஸ்டர் ஹண்டர் ஆடுவது, கையுறை போட்டுக்கொண்டு இட்லி மாவு கரைப்பது மாதிரி. தனிக் கன்ட்ரோலர் வாங்கி மாட்டினால் சரியாகிவிடும். ஆனால் நடுவில் ஆபீஸ் அழைப்பு வரும். எடுத்தால் திரும்ப ஆட்டத்துக்கு வரவே மாட்டேன். வீட்டாவில் பவர் பட்டனைத் தட்டினால் தூங்கும், அடுத்த நாள் தட்டினால் வாள் ஓங்கிய கையோடு எழும்.

இப்போது கிரைசிஸ் கோரின் கடைசி அத்தியாயத்தில் நிற்கிறேன். முருகாவுக்குப் போன நாற்பது மணி நேரத்தில் முப்பத்தைந்தை மீட்டுவிட்டேன். டாக்டிக்ஸ் ஓகர் என்ற கேமை இன்னும் தொடங்கவே இல்லை; அதற்குள் ஒரு நல்ல கேபிள் தேட வேண்டும், இருப்பதை ஒரு கோணத்தில் சாய்த்துப் பிடித்தால்தான் சார்ஜ் ஏறுகிறது.