ஷிப்ட் பிரிக்கும் ஆப்டிட்யூட் டெஸ்ட்: எழுதிப் பார்த்த அனுபவம்

யாரை நைட் ஷிப்டில் போடலாம், யாரை அதிகாலையில் போடலாம், யாரிடம் அட்டவணை போடும் பொறுப்பைக் கொடுக்கலாம் என்று முடிவு செய்ய எங்கள் வேலையிடத்தில் ஒரு டெஸ்ட் கொண்டுவந்தார்கள். கம்ப்யூட்டரில் ஒரே மூச்சில் முடிக்க வேண்டும், நாலு பகுதி. ரிசல்ட்டும் வந்துவிட்டது. இதை எழுதப் போகிறவர்களுக்கு உதவும் என்பதால் விரிவாகவே சொல்கிறேன்.

முதல் பகுதி கேள்வித்தாள். ஹார்ன், ஆஸ்ட்பெர்க் என்ற ஆய்வாளர்கள் 1976-இல் வெளியிட்ட 19 கேள்விகளை ஒட்டியது. நாள் முழுக்க உங்கள் இஷ்டம் என்றால் எத்தனை மணிக்கு எழுவீர்கள், எழுந்த அரை மணி நேரத்தில் பசிக்குமா, இப்படிப் போகும். ஸ்கோர் 16 முதல் 86 வரை. 59-க்குக் குறையாமல் வந்தால் காலை ஆள், 41-ஐத் தாண்டாவிட்டால் ராத்திரி ஆள், நடுவில் இருப்பவர்கள் எதற்கும் ஓரளவு வளைந்து கொடுப்பார்கள். லேட்டாக எழுகிறவன் சோம்பேறி என்று கேட்டுக் கேட்டே வளர்ந்தவர்களுக்கு இந்தக் கேள்விகள் பெரிய ஆறுதல். உடம்புக்குள் ஓடும் கடிகாரம் ஆளுக்கு ஆள் வேறு, இருபது வயதை ஒட்டி அது நன்றாகப் பின்தள்ளிப் போய், அப்புறம் மெல்ல முன்னால் வரும்.

ஒரு குறை உண்டு. லீவு நாள் தூக்கத்தையும் வேலை நாள் தூக்கத்தையும் தனித்தனியாகக் கேட்கவில்லை. ஜெர்மனியின் முனிக் நகரில் ரோன்னபெர்க் என்ற ஆய்வாளரின் குழு உருவாக்கி 2003-இல் வெளியிட்ட கேள்வித்தாள் அதைத்தான் கேட்கிறது. லீவில் 2 மணிக்குத் தூங்கி 10-க்கு எழுபவருக்குத் தூக்கத்தின் நடுப்புள்ளி காலை 6 மணி. அவரே வேலை நாளில் 11-க்குப் படுத்து 5-க்கு எழுந்தால் நடுப்புள்ளி 2 மணி. இந்த நாலு மணி நேர இடைவெளிதான் சோஷியல் ஜெட்லாக், ஆள் எவ்வளவு சிரமப்படுகிறார் என்று அதிலேயே தெரிந்துவிடும்.

இரண்டாவது பகுதி 10 நிமிடம் ஸ்க்ரீனையே பார்த்துக்கொண்டிருப்பது. 2 முதல் 10 விநாடிக்குள் எப்போது வேண்டுமானாலும் மில்லி விநாடிக் கணக்கில் எண் ஓடத் தொடங்கும், பார்த்ததும் பட்டனைத் தட்ட வேண்டும், அரை விநாடியைத் தாண்டினால் தவறவிட்டதாகக் கணக்கு. முதலில் விளையாட்டு மாதிரி இருக்கும். போகப் போக கண் ஸ்க்ரீனில் இருக்க மனசு எங்கோ போய்விடும், எண் 400-ஐத் தாண்டி ஓடுவது தெரிந்த பிறகுதான் விரல் அசையும். தூக்கக் குறைவை அளக்க ஆய்வுக்கூடங்களில் பல காலமாகப் பயன்படும் சோதனை இது, அதில் குற்றம் சொல்ல எதுவுமில்லை. ஆனால் எல்லோருக்கும் காலை 10 மணிக்கு வைத்தார்கள்! ராத்திரி நன்றாகத் தூங்கி வந்தவர் காலையில் வாங்கும் மார்க்கை வைத்து விடியற்காலை 4 மணிக்கு, உடல் வெப்பம் அடிமட்டத்துக்கு இறங்கித் தூக்கம் அழுத்தும் நேரத்தில், அவர் எப்படி இருப்பார் என்று சொல்லவே முடியாது. நைட்டுக்கு ஆள் எடுக்க வேண்டுமென்றால் சோதனையையும் அந்த நேரத்தில்தான் வைக்க வேண்டும்.

மூன்றாவது, எண்ணாமல் ஒரு நிமிடம் ஆனதும் பட்டனை அழுத்துவது. வீண். காய்ச்சல் அடித்தாலே இந்தக் கணிப்பு மாறிவிடும்.

நான்காவதாக ஒரு வாரத்துக்கு ஷிப்ட் போடச் சொன்னார்கள், இது அருமை. காலை, மாலை, இரவு என்று முன்னோக்கி நகர்த்தினால் மார்க் கூடும். பெரும்பாலோருக்கு உள் கடிகாரம் 24 மணி நேரத்தைவிடக் கொஞ்சம் நீளம் என்பதால் சீக்கிரம் படுப்பதைவிடத் தள்ளிப் படுப்பது சுலபம். நைட் முடித்தவரை அன்றே திரும்பக் கூப்பிட்டால் மார்க் போய்விடும். அட்டவணை போடும் சூப்பர்வைசர்கள் எல்லோரும் இந்தப் பகுதியைக் கட்டாயம் எழுத வேண்டும்.

எனக்குக் கோபம் வந்தது ரிசல்ட்டில். "இரவுப் பணிக்கு ஏற்றவர்" என்று ஒரே வரி, எந்தப் பகுதியில் எத்தனை என்ற விவரமே இல்லை. உலக சுகாதார அமைப்பின் புற்றுநோய் ஆய்வு நிறுவனம் நைட் ஷிப்ட் வேலையைப் புற்றுநோய் உண்டாக்க வாய்ப்புள்ளவற்றின் பட்டியலில் 2007-இல் சேர்த்தது, 2019-இல் மறுபடி ஆராய்ந்தும் அங்கேயே வைத்தது. அப்படிப்பட்ட வேலைக்கு ஒருவரை அனுப்பும்போது அவருடைய ஸ்கோரை அவரிடமே காட்டாமல் இருப்பது நியாயமே இல்லை.

ஐந்துக்கு மூன்று கொடுப்பேன். எழுதப் போகிறீர்கள் என்றால் அதற்கு முன் இரண்டு வாரம் தூங்கும் நேரம், எழும் நேரத்தைக் குறித்து வையுங்கள், ரிசல்ட் வந்ததும் பகுதிவாரி மார்க்கை எழுத்தில் கேளுங்கள். நான் கேட்டிருக்கிறேன், இன்னும் பதில் இல்லை.