6 வருட டேட்டாஷீட் தேடல்: அந்தப் பச்சைப் பட்டனை அமத்தாதீர்கள்

"மச்சான், ஐசி டேட்டாஷீட் எல்லாம் நீ எங்க இருந்து எடுக்கிற, நான் எதை அமத்தினாலும் வேற என்னவோ இறங்குது" என்று காத்தான்குடியில் ரிப்பேர் கடை வைத்திருக்கும் நண்பர் போன கிழமை கேட்டார். டேட்டாஷீட் என்றால் ஒரு ஐசி, அதாவது சிப், எத்தனை வோல்ட்டில் எப்படி வேலை செய்யும் என்று அதைத் தயாரித்த கம்பெனி எழுதி வைக்கும் குறிப்பு. களுவாஞ்சிக்குடியில் 6 வருடமாகச் சார்ஜரும் பவர் சப்ளையும் திருத்துகிறவன் என்ற முறையில் சொல்கிறேன்.

முதலில் கோபம். ஐசி நம்பரைத் தேடினால் முன்னால் வந்து நிற்பதெல்லாம் யாரோ வாரிச் சேர்த்த தளங்கள், பக்கத்துக்கு மூன்று பச்சை டவுன்லோட் பட்டன், மூன்றும் விளம்பரம். கடை தொடங்கிய வருடம் ஒன்றை அமத்தினேன். பெயரில் பிடிஎஃப் என்றுதான் இருந்தது, வால் மட்டும் ஈஎக்ஸ்ஈ. விண்டோஸ் அந்த வாலை மறைத்துத்தான் காட்டும் என்று அப்போது தெரியாது. எல்லாவற்றையும் அழித்துத் திரும்ப விண்டோஸ் ஏற்ற 2 நாள், பில் கணக்கெல்லாம் போச்சு. ஃபைல் பெயரின் வால் தெரிகிற மாதிரி செட்டிங்கை இன்றைக்கே மாற்றிவிடுங்கள். டேட்டாஷீட் பிரவுசரிலேயே திறக்கும், எதையாவது இன்ஸ்டால் பண்ணச் சொன்னால் மூடிவிடுங்கள்.

இப்போது நான் போவது தயாரித்த கம்பெனியின் தளத்துக்குத்தான். இலவசம், களவும் இல்லை. கம்பெனிகள் கைமாறியதை மட்டும் நினைவில் வைக்க வேண்டும்: நேஷனல் செமிகண்டக்டர் 2011இல் டெக்சாஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸிடம் போனது, இன்டர்நேஷனல் ரெக்டிஃபையர் 2015இல் இன்ஃபினியனிடம், ஃபேர்சைல்ட் 2016இல் ஆன் செமிகண்டக்டரிடம். நேஷனலின் எல்எம் 2576 ஐசி என்றால் இப்போது டெக்சாஸில் பாருங்கள்.

போன மாதம் ஒரு சார்ஜரில் அதை ஓட்டுகிற யூசி 3842 ஐசி செத்துவிட்டது, கையில் 3843தான் இருந்தது. "எட்டுக் காலும் ஒண்டுதானே அண்ணன், போடுவம்" என்றான் கடைத் தம்பி. டேட்டாஷீட்டைத் திறந்து அட்டவணையில் விரல் வைத்துக் காட்டினேன். 3842 என்றால் சப்ளை 16 வோல்ட்டுக்கு ஏறினால் எழும்பி 10க்கு இறங்கினால் நிற்கும், 3843 என்றால் 8.4இல் எழும்பி 7.6இலேயே நின்றுவிடும். இடையில் 0.8 வோல்ட்தான். டிரான்ஸ்ஃபார்மரில் இருந்து சப்ளை வந்து சேர முதலே கப்பாசிற்றரில் இருக்கிற வோல்ட் இறங்கிவிடும், சார்ஜர் டிக் டிக் என்று அடித்துக்கொண்டே கிடக்கும். இதை ஒரு சதம் கேட்காமல் எழுதி வைத்திருக்கிறார்களே, அந்த எஞ்சினியர்களுக்குக் கையெடுத்துக் கும்பிடலாம்.

அப்புறம் ஏன் இந்த எரிச்சல் என்றால், ஐசிக்குக் கிடைக்கிற மரியாதை முழு போர்டுக்குக் கிடையாது. ஒரு ரிவி போர்டின் சேர்க்கிட் படம் கேட்டுக் கம்பெனிக்கு இரண்டு மெயில் போட்டேன், காசு தருகிறேன் என்றும் எழுதினேன், பதிலே இல்லை. நேர்வழியில் கேட்கிறவனுக்குக் கதவைச் சாத்தினால் அவன் அந்தப் பச்சைப் பட்டனிடம்தானே போவான்? இன்றைய மனநிலையில் இந்தத் தேடல் அனுபவத்துக்கு 5க்கு 2தான் கொடுப்பேன். அந்த போர்ட் இன்னும் என் மேசை லாச்சியில்தான் கிடக்கிறது.