புனிதப் பள்ளத்தாக்கில் ஒரு நாள்: குழுப் பேருந்தா, தனிக் காரா?

பெரு நாட்டின் குஸ்கோ நகருக்குப் போகிறவர்களில் பலர், மச்சு பிச்சுவுக்கு முன்போ பின்போ ஒரு நாளைப் புனிதப் பள்ளத்தாக்குக்கு ஒதுக்குகிறார்கள். உருபம்பா ஆறு ஓடும் இந்தப் பள்ளத்தாக்கில் பிசாக், ஒயாந்தாய்தாம்போ ஆகிய இன்கா இடிபாடுகள் இருக்கின்றன. மேட்டு நிலத்தில் சின்செரோ, மொராய், மராஸ். அந்த ஒரு நாளுக்கு மூன்று வழிகள் உண்டு. குஸ்கோவில் காலையில் ஏற்றிக்கொண்டு இரவில் இறக்கிவிடும் குழுப் பேருந்து ஒன்று. ஓட்டுநரோடு ஒரு காரையும் உரிமம் பெற்ற வழிகாட்டி ஒருவரையும் தனியாக அமர்த்திக்கொள்வது இன்னொன்று. மூன்றாவது, ஆள் நிரம்பியதும் கிளம்பும் கொலெக்டிவோ வேன்களில் ஏறி ஊர் ஊராக நாமே போவது.

நானும் தங்கையும் அவள் கணவரும் பிசாக், ஒயாந்தாய்தாம்போவுக்குக் காரும் வழிகாட்டியும் வைத்துக்கொண்டோம். மொராய், மராஸ் இரண்டையும் வேறொரு நாள் அரை நாள் குழுப் பேருந்தில் பார்த்தோம். ஆகவே குழுப் பேருந்து, தனிக் கார் இரண்டு வழிகளையும் ஒப்பிட்டுச் சொல்ல முடிகிறது. என் சாய்வை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: இரண்டு பேராவது சேர்ந்து போனால் தனிக் கார்தான்.

முதலில் பணம். முழு நாள் குழுப் பேருந்து இருக்கை குஸ்கோவின் பிரதான சதுக்கத்தைச் சுற்றியுள்ள கடைகளில் பெரும்பாலும் நூறு சோலுக்குள்ளேயே (சோல் என்பது பெருவின் நாணயம்) கிடைக்கிறது. தனிக் காரும் வழிகாட்டியும் சேர்ந்தால் பல மடங்கு. மூன்றாகப் பங்கிட்ட பிறகும் எங்களுக்குக் குழுவைவிட அதிகம்தான் ஆனது. நுழைவுச் சீட்டில் வேறுபாடு இல்லை. குஸ்கோ சுற்றுலாச் சீட்டை எந்த வழியில் போனாலும் வாங்கியே ஆக வேண்டும். வெளிநாட்டவருக்கு 16 இடங்களுக்கான முழுச் சீட்டு 130 சோல், பத்து நாள் செல்லும். பிசாக், ஒயாந்தாய்தாம்போ, சின்செரோ, மொராய் நான்கும் அடங்கிய பகுதிச் சீட்டு 70 சோல், இரண்டு நாள் செல்லும். மராஸ் உப்புப் பாத்திகளுக்கு இது பொருந்தாது. அங்கே தனிக் கட்டணம். பேருந்துக்காரர் சொல்லும் விலையில் பெரும்பாலும் இந்தச் சீட்டு சேர்ந்திருக்காது என்பதைக் கேட்டுத் தெளிவுபடுத்திக்கொள்ளுங்கள்.

பணம், சௌகரியம் எல்லாவற்றையும் மீறி இந்தத் தேர்வைத் தீர்மானிப்பது ஒன்றுதான்: இடிபாடுகளுக்குள் உங்கள் கால்கள் நிற்கும் நேரம். இதைச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும்.

வழக்கமான குழுப் பேருந்தின் நாள் இப்படிப் போகிறது. ஏழு மணியிலிருந்து விடுதி விடுதியாக ஆள் ஏற்றுகிறார்கள். எட்டு மணி வாக்கில் நகரைத் தாண்டினால், கைவினைப் பொருள் கடைகள் உள்ள ஓரிடத்தில் முதல் நிறுத்தம். பள்ளத்தாக்கு முழுவதும் தெரியும் வளைவில் புகைப்படத்துக்கு ஒரு நிறுத்தம். பிசாக் ஊரில் வெள்ளி நகைக் கடை ஒன்று. இடிபாடுகளுக்கு மேலேறும்போது பத்தரை, பதினொன்று. ஏறக்குறைய ஒரு மணி நேரம் தருகிறார்கள். அதில் பாதி வழிகாட்டியின் பேச்சு. பிறகு உருபம்பா ஊரில் பஃபே சாப்பாடு. ஒயாந்தாய்தாம்போவில் இன்னொரு மணி நேரம். இருட்டுவதற்குள் சின்செரோவைத் தொட்டுவிட்டு குஸ்கோ. வெப்பமண்டலம் என்பதால் ஆறு மணிக்கெல்லாம் வெளிச்சம் போய்விடுகிறது; சின்செரோவின் தேவாலயத்தை மங்கலில்தான் பார்க்க வேண்டியிருக்கும். மொராயையும் மராஸையும்கூட அதே நாளில் சேர்த்து 'விஐபி' என்ற பெயரில் விற்பதும் உண்டு. அதில் ஒவ்வோர் இடத்துக்கும் கிடைப்பது இன்னும் குறைவு.

பத்து, பதினொரு மணி நேரம் வெளியே இருந்தும் கற்களுக்கு நடுவே மூன்று மணி நேரம் தேறினால் பெரிது. இது எந்த ஒரு நிறுவனத்தின் குறையும் அல்ல. முப்பது பேரை ஏற்றி இறக்கி எண்ணிச் சரிபார்ப்பதற்கே அந்த நேரம் போகிறது.

அந்த ஒரு மணி நேரத்தில் எது விட்டுப்போகிறது என்று பிசாக்கை வைத்தே சொல்கிறேன். பேருந்துகள் மலையின் மேல் வாசலில் நிற்கின்றன. அங்கிருந்து படிக்கட்டு வயல்கள் தெரியும், எதிர் மலைச் சுவரில் நூற்றுக்கணக்கான பொந்துகள் தெரியும். அவை இன்கா காலத்துக் கல்லறைகள், பெரும்பாலும் கொள்ளையடிக்கப்பட்டவை. குழுக்கள் அவற்றைப் பார்த்துவிட்டு, அருகிலுள்ள கட்டடங்களில் சற்று ஏறி இறங்கித் திரும்பிவிடுகின்றன. பிசாக்கின் உயிர் அங்கே இல்லை. மலை விளிம்பைப் பிடித்துக்கொண்டு, பாறையைக் குடைந்த சிறு சுரங்க வழியில் குனிந்து நுழைந்து, நெடுநேரம் நடந்தால்தான் இன்திவாத்தானா என்னும் கோயில் பகுதி வருகிறது. இயற்கையாக நின்ற பாறையைச் சுற்றி வளைவாக எழுப்பிய சுவர். சுண்ணாம்பு, சாந்து எதுவும் இல்லை. கல்லோடு கல் பொருந்தியிருக்கும் கோட்டில் நகத்தை நுழைக்க இடமில்லை. அங்கிருந்து அப்படியே வயல் படிகளின் ஓரமாக இறங்கினால் சந்தைத் தெருவில் வந்து முடிகிறோம். நிதானமாக நடந்தால் மேலிருந்து கீழ்வரை இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆகும். பேருந்து மேலே காத்திருப்பதால் குழுவில் வந்தவர்களுக்கு இந்த இறக்கம் இல்லவே இல்லை. எங்கள் ஓட்டுநர் மேலே இறக்கிவிட்டு, காரை ஊருக்குள் கொண்டுவந்து நிறுத்தியிருந்தார். தனிக் காருக்குக் கொடுத்த கூடுதல் பணம் முழுவதும் எனக்கு அந்த இறக்கத்திலேயே கணக்குத் தீர்ந்துவிட்டது.

நேரம் கிடைத்ததால் வழிகாட்டியிடம் கேள்வி கேட்கவும் முடிந்தது. வயல் படிகளைப் பார்த்து, "இவ்வளவு மழையிலும் இந்தச் சுவர் ஏன் சரியவில்லை?" என்று தங்கை கேட்டாள். அவர் எங்களை இடிந்திருந்த ஒரு படியின் அருகே அழைத்துப்போய்க் காட்டினார். அடியில் பெருங்கற்கள், அதன்மேல் சரளை, மணல், எல்லாவற்றுக்கும் மேலே வளமான மண். நீர் தேங்காமல் வடிந்துவிடும். பகலில் வெயிலை வாங்கும் கற்சுவர் இரவில் அதை விடுவதால் பயிருக்குக் குளிர் உறைக்காது. மேல் படியிலிருந்து கீழ் படிக்கு இறங்கச் சுவரிலிருந்து நீட்டிக்கொண்டிருக்கும் கற்களையும் அவர் காட்டினார். சுவர் கட்டும்போதே நீளமான கற்களை உள்ளே புதைத்து, ஒரு முனையை மட்டும் வெளியே விட்டிருக்கிறார்கள். ஏணிக்கென்று மண்ணில் ஓர் அடிகூடச் செலவில்லை. இப்படிப்பட்ட பதில் முப்பது பேருக்கு ஒலிபெருக்கியில் சொல்லும் பேச்சில் வராது.

ஒயாந்தாய்தாம்போவில் நேரத்தின் இன்னொரு பக்கம் தெரிந்தது. எல்லா நிறுவனங்களும் ஏறத்தாழ ஒரே வரிசையில் ஊர்களைச் சுற்றுவதால், பிற்பகல் இரண்டிலிருந்து நான்கு வரை அந்தப் பெரும்படிக்கட்டில் ஏறுகிறவர்களும் இறங்குகிறவர்களும் முட்டிக்கொள்கிறார்கள். சின்செரோவுக்கு நேரமாகிறது என்று பேருந்துகள் கிளம்பியதும் கூட்டம் வடிந்துவிடுகிறது. வழிகாட்டி எங்களை வேண்டுமென்றே அந்த நேரத்துக்குத்தான் மேலே அழைத்துப்போனார்.

மேலே சூரியக் கோயில் எனப்படும் இடத்தில் இளஞ்சிவப்பு நிறத்தில் ஆறு ஒற்றைக்கற்கள் வரிசையாக நிற்கின்றன. ஒவ்வொன்றும் பல பத்து டன் எடை. அவை வெட்டப்பட்ட காச்சிகாத்தா கல்குவாரி ஆற்றுக்கு அந்தப் பக்கம் எதிர் மலையில், பல கிலோமீட்டர் தொலைவில் இருக்கிறது. மலைச் சரிவில் இறக்கி, ஆற்றைக் கடத்தி, இந்தப் பக்கம் சாய்தளத்தில் ஏற்றியிருக்கிறார்கள். வழியிலேயே கைவிடப்பட்ட கற்கள் இன்னும் கிடக்கின்றன. ஊர்க்காரர்கள் அவற்றைக் களைத்துப்போன கற்கள் என்கிறார்கள். கோயில் வேலை பாதியில் நின்றுவிட்டது. 1537-இல் இந்தப் படிகளின் மேலிருந்துதான் இன்கா அரசர் மாங்கோ இன்காவின் படை ஸ்பானியத் தளபதி எர்னாண்டோ பிசாரோவைத் தடுத்தது. கீழே சமவெளியில் நீரைத் திருப்பிவிட்டு ஸ்பானியக் குதிரைகளைச் சேற்றில் நிறுத்தியது. மேலே நின்றபடி வழிகாட்டி அந்தச் சமவெளியையும் வாய்க்கால்களையும் கையால் காட்டிச் சொன்னபோதுதான் போர் எப்படி நடந்திருக்கும் என்பது எனக்குப் புரிந்தது. எதிர் மலையில் தெரியும் பிங்குயூனா தானியக் களஞ்சியங்களுக்கு ஏறக் கட்டணம் இல்லை, சீட்டும் வேண்டாம். காற்று ஓயாமல் அடிக்கும் அந்தச் சரிவில் களஞ்சியம் கட்டியதே தானியம் கெடாமல் இருக்கத்தான்.

கிராமங்களைப் பொறுத்தவரை என் கருத்து சற்றுக் கலவையானது. குழுப் பேருந்துகள் சின்செரோவில் நெசவுக் கூடம் ஒன்றில் நிறுத்துகின்றன. அங்கே பெண்கள் வேர் ஒன்றைத் துருவி அதன் நுரையில் கம்பளியை அலசுகிறார்கள். கள்ளியில் வாழும் கொச்சினீல் பூச்சியை உள்ளங்கையில் நசுக்கிச் சிவப்புச் சாயம் எடுத்து, எலுமிச்சைச் சாறு விட்டு நிறத்தை மாற்றிக் காட்டுகிறார்கள். முடிவில் விற்பனை இருக்கிறது, ஆனால் அந்த வேலை உண்மையான வேலை. அதைக் காட்சி என்று ஒதுக்குவது அந்தப் பெண்களுக்கு நியாயமாகாது. இடுப்போடு பட்டையால் கட்டிக்கொண்டு நெய்யும் முதுகுப்பட்டைத் தறியில் ஒரு துணி முடிய வாரக்கணக்கில் ஆகும் என்பதை அங்கே உட்கார்ந்து பார்த்தால் விலையில் பேரம் பேசத் தோன்றாது. தனிக் காரில் போனவர்களுக்குக் கூடுதலாகக் கிடைப்பது ஒயாந்தாய்தாம்போ ஊர்தான். இன்கா காலத்துத் தெரு அமைப்பில், இன்கா அடிச்சுவர்களின் மேல் எழுந்த வீடுகளில், இன்றும் மக்கள் குடியிருக்கிறார்கள். தெருவோரம் கல் வாய்க்காலில் நீர் ஓடுகிறது. வாசலில் கம்பு நுனியில் சிவப்புப் பிளாஸ்டிக் பை கட்டியிருந்தால் அங்கே சோளத்தில் காய்ச்சிய சிச்சா என்னும் மது கிடைக்கும் என்று பொருள். மேலே மலையில் வில்லோக், பட்டகாஞ்சா என்ற கெச்சுவா மொழி பேசுவோரின் கிராமங்களுக்கும் சிலர் போகிறார்கள், நாங்கள் போகவில்லை. போக விரும்பினால் ஊராருடன் முன்பே பேசி ஏற்பாடு செய்பவரோடு போவது மரியாதை.

சாப்பாட்டில் இரண்டு வழிக்கும் பெரிய வேறுபாடு இல்லை. பஃபேயில் சைவத்துக்கு கீன்வா சூப், உருளைக்கிழங்கு வகைகள், பெரிய மணிகள் கொண்ட வெள்ளைச் சோளம் எல்லாம் கிடைக்கும். பிசாக் சந்தையில் அவித்த சோளமும் பாலாடைக்கட்டியும் எங்களுக்குப் போதுமாக இருந்தது.

குழுப் பேருந்து நல்ல தேர்வாக இருக்கும் இடமும் உண்டு. மொராய், மராஸ் அரை நாளை நான் தயங்காமல் பரிந்துரைப்பேன். மொராயில் வட்ட வட்டமாக இறங்கும் படிகளை மேல் விளிம்பில் நின்றுதான் பார்க்க வேண்டும். ஆழத்துக்கு ஏற்ப வெப்பம் மாறுவதால் இன்காக்கள் அங்கே பயிர்களைச் சோதித்துப் பார்த்திருக்கலாம் என்று ஆய்வாளர்கள் சிலர் கருதுகிறார்கள். மராஸில் மலைச் சரிவில் அடுக்கடுக்காக மூவாயிரத்துக்கும் மேற்பட்ட உப்புப் பாத்திகள். உள்ளூர்க் குடும்பங்களுக்குச் சொந்தமானவை. பாத்திகளின் நடுவே இறங்கி நடக்க இப்போது பயணிகளை விடுவதில்லை, எனவே அங்கும் பார்வை மேலிருந்துதான். இரண்டு இடத்திலும் அரை மணி, முக்கால் மணி போதும் என்பதால் பேருந்தின் கடிகாரம் உறுத்தவில்லை. தனியாகப் பயணம் செய்கிறவருக்கு, குறிப்பாக ஸ்பானிய மொழி சிறிதும் தெரியாதவருக்கு, முழு நாள் குழுவும் நியாயமான வழி. அப்படிப் போவதானால் அதிக இடங்களைச் சேர்த்த விஐபி வகையைத் தவிர்த்து, பிசாக்கும் ஒயாந்தாய்தாம்போவும் மட்டும் உள்ளதாகப் பாருங்கள்.

கொலெக்டிவோ பற்றி எனக்குத் தெரிந்தது கொஞ்சம்தான். உருபம்பாவிலிருந்து ஒயாந்தாய்தாம்போவுக்கு மட்டும் அதில் போனேன். மலிவு, அடிக்கடி கிடைக்கிறது. குஸ்கோவில் பாவிட்டோஸ் தெருவிலிருந்து ஒயாந்தாய்தாம்போவுக்கும், புபுத்தி தெருவிலிருந்து பிசாக்குக்கும் கிளம்புகின்றன. பள்ளத்தாக்கிலேயே இரண்டு இரவு தங்குகிறவர்களுக்கு இது தனிக் காரையே வென்றுவிடலாம்; வாசலில் அட்டையோடு நிற்கும் வழிகாட்டிகளை அந்தந்த இடத்தில் அமர்த்திக்கொள்ளலாம். ஒரே நாளில் குஸ்கோவிலிருந்து போய்த் திரும்ப நினைப்பவர்களுக்கு வேன் மாறுவதிலேயே நேரம் கரைந்துவிடும்.

தனிக் கார் எடுப்பவர்கள் அன்று குஸ்கோவுக்குத் திரும்பாமல் ஒயாந்தாய்தாம்போவிலேயே தங்குவது நல்லது. குஸ்கோ ஏறத்தாழ 3,400 மீட்டர் உயரம், ஒயாந்தாய்தாம்போ 2,800 மீட்டர். தலைவலியும் மூச்சுத் திணறலும் இருப்பவர்களுக்கு அந்த 600 மீட்டர் இரவுத் தூக்கத்தில் தெரியும். மச்சு பிச்சு அடிவாரத்துக்கான ரயிலையும் அங்கேயே பிடிக்கலாம். பெட்டிகளைக் காரில் ஏற்றிக்கொண்டு ஒரு வழிக்கு மட்டும் விலை பேசினோம், ஓட்டுநரும் ஒப்புக்கொண்டார்.

நாங்கள் போனது வறண்ட ஜூன் மாதம். நவம்பரிலிருந்து மார்ச் வரையிலான மழைக்காலத்தில் நான் சொன்ன பிசாக் இறக்கம் வழுக்கும், மலைச் சாலையிலும் மண் சரியும். 2010 ஜனவரி வெள்ளத்தில் ரயில் பாதை துண்டிக்கப்பட்டு ஆயிரக்கணக்கான பயணிகள் மச்சு பிச்சு பக்கம் சிக்கிக்கொண்டார்கள். மழை மாதங்களில் போனால் இறக்கத்தை விட்டுவிட்டு, இன்திவாத்தானா வரை போய் மேலேயே திரும்பிவிடும்படி வழிகாட்டியிடம் சொல்லுங்கள். ஓட்டுநரையும் மேல் வாசலிலேயே காத்திருக்கச் சொல்லிவிடுங்கள்.