காரணம் இல்லாத கடிதம்: எழுதிக் கேட்பதா, வழக்குப் போடுவதா?

கிளிநொச்சியில் ஒரு தங்கச்சி, அரச அலுவலகம் ஒன்று அனுப்பிய வேலைநீக்கக் கடிதத்தைக் காட்டினாள். சீல் இருக்கிறது, கையொப்பம் இருக்கிறது, காரணம் மட்டும் இல்லை.

2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் 35ஆம் பிரிவின்படி, பாதிக்கப்பட்டவர் கேட்டால் அதிகாரி காரணத்தை எழுத்தில் தரவேண்டும். தமிழிலேயே கேட்கலாம். வன்னியில் கூலிக்குப் போகிற குடும்பத்துக்கு இது பெரிய விஷயம்.

அடிப்படை உரிமை மனு, அதாவது அரச தரப்பு உரிமையை மீறினால் நாட்டின் அதியுயர் மன்றமான உயர் நீதிமன்றத்தில் நேரே போடும் வழக்கு என்றால் கொழும்பு, சட்டத்தரணி, செலவு. ஆனால் உரிமை மீறப்பட்டதிலிருந்து ஒரு மாதம்தான் அதற்குத் தவணை. பதிலைப் பார்த்துக்கொண்டிருந்தால் நாள் போய்விடும். காரணம் மறைப்பது வழக்கிலும் அதிகாரிக்குப் பாதகம்தான்: தொழில் ஆணையாளரின் முடிவு பற்றிய யுனிக் ஜெம் ஸ்டோன்ஸ் வழக்கில், நீதிமன்றம் ஒரு முடிவை ஆராயத் தொடங்கிய பிறகும் காரணம் சொல்லப்படாவிட்டால் அந்த முடிவு தன்னிச்சையானது என்று கண்டிக்கப்படலாம் என உயர் நீதிமன்றமே சொல்லியிருக்கிறது.

காரணம் கேட்கும் கடிதத்தை இன்றைக்கே பதிவுத் தபாலில் போடு, நாளைக்கே சட்டத்தரணியைப் பார் என்றேன்.