பீன்ஸுக்கு 'வெரி டார்க்' மேப்பிள் பாகு: மூன்று டின் முடித்தபின் எழுதுகிறேன்

கனடாவின் மொன்றியலுக்கு வந்த முதல் மார்ச் மாதம், கூட வேலை செய்தவர்கள் நகருக்கு வெளியே ஒரு சர்க்கரைக் குடிலுக்கு, அதாவது மேப்பிள் சாறு காய்ச்சி விருந்தும் தரும் இடத்துக்கு, கூட்டிப்போனார்கள். பட்டாணி சூப், ஆம்லெட், ஹாம் என்று மேசை நிறைய வந்தது. நான் மறுபடி கேட்டு வாங்கியது பீன்ஸை, அதாவது பன்றிக் கொழுப்போடு நெடுநேரம் வெந்த வெள்ளைப் பயற்றை மட்டும்தான். பிரெஞ்சில் 'ஃபெவ் ஓ லார்'. பேச்சில் 'பின்' என்பார்கள். அதை வீட்டில் செய்யத் தொடங்கி நான்கு குளிர்காலம் ஆகிறது. இப்போது அதற்கென்றே நான் வாங்குவது ஜான் தலோன் சந்தையில் கிடைக்கும் 540 மில்லி மேப்பிள் பாகு டின், நிறத்தை வைத்துப் பிரிக்கும் வகைகளில் மிகக் கறுத்த 'வெரி டார்க்'.

முதல் வருடம் 'கோல்டன்' வகைப் பாகை ஊற்றினேன். தேன் நிறத்தில் கண்ணாடி மாதிரி இருந்தது, அதுதான் உசத்தி என்று நினைத்தேன். ஏழு மணி நேரம் ஓவனில் இருந்தபின் இனிப்பு மட்டும் மிஞ்சியது, மேப்பிள் மணம் துளியும் இல்லை. மனம் விட்டுப்போனது. அந்த மெல்லிய வாசனை அப்பத்தின் மேல் ஊற்றிச் சாப்பிடத்தான் சரி. கடுகும் வெங்காயமும் பன்றிக் கொழுப்பும் சேரும் சட்டியில் அது நிற்காது.

இரவில் உறைந்து பகலில் உருகும் நாட்களில்தான் மேப்பிள் மரம் சாறு விடும். சுமார் 40 லிட்டர் சாற்றைக் காய்ச்சினால் 1 லிட்டர் பாகு. பருவம் முடிய முடிய வெயில் ஏறும், நுண்ணுயிர்கள் சாற்றிலுள்ள சர்க்கரையை உடைக்கும், காய்ச்சும்போது நிறம் கறுக்கும். அந்தக் கடைசிச் சாற்றில் வருவதுதான் வெரி டார்க். நாக்கில் வைத்தால் கருகும் முன் இறக்கிய வெல்லப்பாகு மாதிரி ஒரு வேகம், அடியில் லேசான கசப்பு. ஓவனை விட்டு வந்த பிறகும் அந்த மணம் அப்படியே இருக்கிறது.

என் கணக்கு: 500 கிராம் நேவி பீன்ஸ், அதாவது சின்ன வெள்ளைப் பயறு. இரவு முழுக்க ஊறவேண்டும். காலையில் புதுத் தண்ணீரில் வேகவைத்து, ஒரு கரண்டியில் எடுத்து ஊதினால் தோல் சுருண்டு பிரிய வேண்டும். அதுவரை பாகு கிட்டவே வரக்கூடாது. சர்க்கரையும் புளிப்பும் பயறு மிருதுவாவதைத் தடுக்கும். ஒருமுறை தக்காளி கெச்சப்பை முதலிலேயே சேர்த்துவிட்டு, ராத்திரி எட்டு மணிக்கு விருந்தாளிகளுக்குக் கல்லு மாதிரிப் பயறு பரிமாறினேன். இன்னும் வருத்தம்தான். அப்புறம் வாய் குறுகிய பீங்கான் ஜாடியில் 200 கிராம் உப்பிட்ட பன்றிக் கொழுப்பு, ஒரு முழு வெங்காயம், ஒரு தேக்கரண்டி கடுகுத் தூள், 180 மில்லி பாகு, பயறு மூழ்கச் சூடான தண்ணீர். 120 டிகிரி செல்சியஸில் ஓவனில் ஆறேழு மணி நேரம். நடுவில் தண்ணீர் வற்றினால் வெந்நீர் ஊற்றலாம். கடைசி ஒரு மணி நேரம் மூடியைத் திறந்து வைத்தால் மேல்பகுதி மினுமினுக்கும். கொழுப்பிலேயே உப்பு உண்டு. கடைசியில் ருசி பார்த்துப் போடுங்கள்.

பன்றி சாப்பிடாத தோழிக்கு மூன்று மேசைக்கரண்டி வெண்ணெயும் புகையிட்ட மிளகாய்த் தூளும் போட்டுச் செய்தேன். அதையும் நான் மனதாரச் சிபாரிசு செய்வேன்.

டின்னில் ஒரே குறை, திறந்தபின் மூட வழியில்லை. உடனே கண்ணாடிப் போத்தலுக்கு மாற்றிக் குளிர்ப்பெட்டியில் வைக்க வேண்டும், வெளியே விட்டால் பூஞ்சை பிடிக்கும். நிறத்தின் பெயரையும் லேபிளில் தேடித்தான் படிக்க வேண்டியிருந்தது. அவசரத்தில் ஒருமுறை 'ஆம்பர்' எடுத்து வந்துவிட்டேன். அதுவும் மோசமில்லை, ஆனால் 180 மில்லிக்குப் பதில் 250 மில்லி ஊற்றியும் அந்த ஆழம் வரவில்லை. காப்பியிலோ தயிரிலோ ஊற்ற வாங்குகிறீர்கள் என்றால் வெரி டார்க் வேண்டாம், அதன் வேகம் மற்றதை அமுக்கிவிடும்.

ஒரு டின் மூன்று ஜாடிக்குச் சரியாக வருகிறது. செய்த அன்றைவிட மறுநாள் காலையில், சட்டியில் சூடுகாட்டி, பொரித்த முட்டையோடும் டோஸ்ட்டோடும் சாப்பிட்டுப் பாருங்கள்.