இளையோர் ஸ்பீட்வே நேரலைச் சேவை: யாழ்ப்பாணத்திலிருந்து ஒரு மதிப்பீடு

போலந்தின் 21 வயதுக்குட்பட்ட தேசிய ஸ்பீட்வே (மண்தடத்தில் நடக்கும் மோட்டார் சைக்கிள் பந்தயம்) அணியைப் பார்ப்பதற்காகவே இணையவழி நேரலைச் சேவையொன்றுக்குச் சந்தா செலுத்தினேன். 2005 இல் தொடங்கிய இளையோர் உலக அணிப் போட்டியில் முதல் ஐந்து ஆண்டுகளும் தொடர்ந்து வென்று, 2010 இல் டென்மார்க்கிடம் பட்டத்தை இழந்து, பின்னரும் பலமுறை வாகை சூடிய அணி அது.

பிரேக் இல்லாத, ஒரே கியருடன் மெத்தனோலில் ஓடும் 500 சிசி மோட்டார் சைக்கிளின் பின்சக்கரத்தை வழுக்கவிட்டு, முன்சக்கரத்தை எதிர்ப்புறம் திருப்பி அந்த இளைஞர்கள் வளைவைக் கடப்பதை மெதுவாக்கிக் காட்டும்போது, இடது சப்பாத்தின் இரும்புத் தகடு மண்ணில் உரசுவதுகூடத் தெளிவாகத் தெரிகிறது. அந்தக் காட்சிக்கே கொடுத்த காசு தகும் என்பேன்.

ஆனால் நான்கு சுற்றுகளும் ஏறத்தாழ ஒரு நிமிடத்தில் முடிந்துவிடும் இந்த விளையாட்டில், தொடக்க நாடா மேலெழும் கணத்திலேயே படம் இருமுறை உறைந்து நின்றது பெரும் குறை. போலந்தில் கோடைகாலத்தில் மாலை ஏழு மணிக்குத் தொடங்கும் பந்தயம் இங்கே இரவு பத்தரைக்கு வருவதால், மறுநாள் பார்ப்பதற்கான பதிவு இருப்பது பேருதவி. ஓட்டத்தை முடிக்கும் வரிசைப்படி நால்வருக்கும் மூன்று, இரண்டு, ஒன்று, பூச்சியம் என வழங்கப்படும் புள்ளிகளை ஒவ்வோர் ஓட்டத்தின் பின்னும் திரையில் காட்டினால், புதியவர்களும் அணிக்கணக்கை எளிதில் பின்தொடர்வார்கள்.